தமிழில் வேதியியல் சொல்ல முடியுமா? சேலத்தில் ராஜாஜி தொடங்கிய வேலையும் பின்னால் வந்த மொழிப் போரும்

மேச்சேரி, ஓமலூர், மேட்டூர் வட்டாரத்தில் பள்ளிச் சேர்க்கை தொடங்கினாலே வீட்டுக்கு வீடு ஒரு பேச்சு ஓடும். பிள்ளையைத் தமிழ் வழியில் போடுவதா, இங்கிலீஷ் மீடியத்தில் போடுவதா? ஒரே அரசுப் பள்ளிக்குள் இரண்டு பிரிவும் நடக்கிற காலம் இது. வீட்டில் தெலுங்கோ கன்னடமோ பேசுகிற குடும்பமாக இருந்தால் குழப்பம் இன்னும் ஒரு படி கூடும்.

இந்தக் கேள்வி புதுசு இல்லை. நூறு வருஷத்துக்கு முன்பே இதே சேலத்தில் ஒரு வக்கீல் இதைக் கையில் எடுத்தார். பிற்காலத்தில் அவர் இந்த மாகாணத்தையே இரண்டு முறை ஆண்டார். இரண்டு முறையும் பள்ளிக்கூட விவகாரத்தில்தான் பெரிய எதிர்ப்பைச் சந்தித்தார். அவர்தான் ராஜாஜி என்கிற சக்கரவர்த்தி ராஜகோபாலாச்சாரி.

ராஜாஜி என்றதும் பலருக்கு நினைவுக்கு வருவது மதுவிலக்கு, கட்டாய இந்தி, குலக்கல்வி, இந்தியாவின் கடைசி கவர்னர் ஜெனரல் பதவி. இந்தப் பட்டியலில் விட்டுப்போகிற ஒரு விஷயம் இருக்கு. அது 1916-ல் சேலத்தில் நடந்தது.

தொரப்பள்ளியிலிருந்து சேலத்துக்கு

ராஜாஜி பிறந்தது 1878 டிசம்பர் 10. ஊர், ஓசூர் பக்கத்தில் உள்ள தொரப்பள்ளி. இப்போது அது கிருஷ்ணகிரி மாவட்டம். அன்றைக்கு ஓசூர், தருமபுரி, நாமக்கல், மேச்சேரி எல்லாமே ஒரே சேலம் மாவட்டத்தில்தான் இருந்தன.

அப்பா ஊர் முன்சீப்பாக இருந்தவர். பிள்ளை தொரப்பள்ளியிலும் ஓசூரிலும் பள்ளிப் படிப்பு முடித்து, பெங்களூரு சென்ட்ரல் கல்லூரிக்குப் போனார். 1894-ல் பட்டம். அதன் பிறகு சென்னை மாநிலக் கல்லூரியில் சட்டம் படித்தார்.

ஓசூர் பகுதி எப்படிப்பட்டது என்று தெரிந்தவர்களுக்கு ஒன்று புரியும். தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் ஒரே சந்தையில் கலந்து ஒலிக்கிற இடம் அது. வீட்டு மொழி ஒன்று, தெருவின் மொழி இன்னொன்று, பாடத்தின் மொழி வேறொன்று என்கிற நிலைமை அங்கே சர்வசாதாரணம்.

1900-ல் ராஜாஜி சேலத்தில் வக்கீல் தொழிலைத் தொடங்கினார். சீக்கிரமே பெயர் வாங்கினார், நல்ல வருமானமும் வந்தது. 1911-ல் சேலம் நகராட்சி உறுப்பினர் ஆனார்.

1916-ல் என்ன நடந்தது?

அந்தக் காலப் பள்ளிக்கூடத்தைக் கொஞ்சம் கற்பனை செய்து பாருங்கள். தொடக்க வகுப்புகளில் தமிழ் இருக்கும். மேல் வகுப்புக்குப் போனதும் கணக்கு, அறிவியல், வரலாறு எல்லாம் ஆங்கிலத்துக்கு மாறிவிடும். மழை எப்படிப் பெய்கிறது என்று தமிழில் யோசிக்கிற பையன், அதை ஆங்கிலத்தில் மனப்பாடம் செய்து எழுத வேண்டும். புரிந்ததா என்று யாரும் கேட்க மாட்டார்கள். எழுதினானா என்றுதான் பார்ப்பார்கள்.

இதை மாற்றணும் என்று சொன்னால் உடனே ஒரு பதில் வரும். தமிழில் அதுக்கெல்லாம் வார்த்தையே இல்லையே, அப்புறம் எப்படிச் சொல்லிக்கொடுப்பது?

ராஜாஜி அந்தப் பதிலை அப்படியே விடவில்லை. வார்த்தை இல்லை என்றால் உண்டாக்கலாம் என்று இறங்கினார். 1916-ல் நண்பர் வெங்கடசுப்பையருடன் சேர்ந்து சேலத்தில் தமிழ் சாஸ்திர பரிபாஷைச் சங்கம் என்ற அமைப்பைத் தொடங்கினார். இன்றைய தமிழில் சொன்னால் அறிவியல் கலைச்சொல் சங்கம். தாவரவியல், வேதியியல், இயற்பியல், வானியல், கணிதம் ஆகிய துறைகளுக்குத் தமிழ்ச் சொற்களை உருவாக்குவது அதன் வேலை. அதற்காக ஒரு இதழும் வந்தது.

அதே காலத்தில் பள்ளிகளில் தமிழே பயிற்றுமொழியாக வேண்டும் என்றும் ராஜாஜி வாதாடினார். புதுச்சேரியில் இருந்த பாரதியார் வரைக்கும் சேலத்து முயற்சி எட்டியது. அவர் அதைக் கவனித்து எழுதினார்.

இதற்கு முன்னோடி இல்லாமல் இல்லை. யாழ்ப்பாணம் மானிப்பாயில் அமெரிக்க மிஷன் மருத்துவர் சாமுவேல் கிரீன், 19-ம் நூற்றாண்டிலேயே மருத்துவ நூல்களைத் தமிழில் கொண்டுவந்தார். தமிழிலேயே மருத்துவ மாணவர்களுக்குப் பாடமும் நடத்தினார். ஆனால் சேலத்தில் நடந்தது உள்ளூர் வக்கீல்கள் தாமாகத் தொடங்கிய வேலை. அரசாங்க உத்தரவோ சம்பளமோ பின்னால் இல்லை.

ஒரு சொல்லுக்குள் இவ்வளவு சண்டையா?

கலைச்சொல் உருவாக்குவது கேட்க எளிது. உட்கார்ந்தால்தான் கஷ்டம் தெரியும். ஆக்சிஜனை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு காலத்தில் பாடப் புத்தகத்தில் பிராணவாயு என்று இருந்தது. அது வடமொழிச் சொல். தனித்தமிழ் ஆர்வலர்கள் உயிர்வளி என்றார்கள். இன்றைய பிள்ளைகள் ஆக்சிஜன் என்றே படிக்கிறார்கள்.

மூன்று வழியிலும் ஒரு நியாயம் இருக்கு. வடமொழிச் சொல் எடுத்தால் இந்தியா முழுவதும் ஒரே சொல்லாக இருக்கும் என்றார்கள். தமிழ் வேரிலிருந்து செய்தால் கேட்டவுடன் பொருள் பிடிபடும். ஆங்கிலச் சொல்லையே வைத்தால் பின்னாடி கல்லூரியில் சிரமம் குறையும்.

சேலத்துச் சங்கத்தின் பெயரைப் பாருங்கள். சாஸ்திரம், பரிபாஷை இரண்டுமே வடமொழி. அன்றைய படித்த மக்களின் எழுத்து அப்படித்தான் இருந்தது. இந்த விஷயம் பிறகு பெரிய தகராறாக வெடித்தது. 1934-ல் தொடங்கிய சென்னை மாகாணத் தமிழ்ச் சங்கம், 1938-ல் தமிழ் வேர்களைக் கொண்ட பெரிய கலைச்சொல் தொகுப்பை வெளியிட்டது. 1940-ல் அரசு சீனிவாச சாஸ்திரி தலைமையில் ஒரு குழு போட்டது. அந்தக் குழு வடமொழிப் பக்கம் சாய்கிறது என்று தமிழறிஞர்கள் போராட, குழுவையே மாற்றி அமைக்க வேண்டி வந்தது.

சேலத்து இதழ் அதிக நாள் ஓடவில்லை. ஆனால் ராஜாஜி அந்தப் பழக்கத்தை விடவில்லை. தமிழில் முடியுமா, திண்ணை ரசாயனம், தாவரங்களின் இல்லறம் என்று எளிய தமிழில் அறிவியல் சொல்லும் நூல்களை எழுதினார். பெயரிலேயே விஷயம் இருக்கு. ஆய்வுக்கூடத்தில் இருக்கிற ரசாயனத்தை வீட்டுத் திண்ணைக்குக் கொண்டுவருவதுதான் அவர் நோக்கம்.

எத்தியோப்பியாவிலும் இதே கதை

தாய்மொழிப் பள்ளிக்கு முதலில் வேண்டியது சொற்களும் புத்தகமும் என்பது நம்ம ஊர் அனுபவம் மட்டும் கிடையாது. ஆப்பிரிக்காவில் எத்தியோப்பியாவிலும் இதேதான் நடந்தது.

அங்கே ஓரோமோ மொழி பேசுகிறவர்கள் மூன்று கோடிக்கும் மேல். நாட்டின் மிகப்பெரிய இனமும் அவர்களே. ஆனாலும் 20-ம் நூற்றாண்டின் பெரும்பகுதி பள்ளியில் அம்ஹாரிக் மொழிதான். பேரரசர் ஹைலி செலாசி காலத்தில் ஓரோமோவுக்குப் பள்ளியில் இடமே இல்லை.

அந்த மொழிக்கு முதல் வாசகப் புத்தகம் கொடுத்தவர் ஒனேசிமோஸ் நெசிப். சிறுவயதில் அடிமையாகப் பிடிக்கப்பட்டு, செங்கடல் கரையில் விடுவிக்கப்பட்டு, சுவீடன் மிஷன் மூலம் படித்தவர். 1894-ல் அவர் வெளியிட்ட வாசிப்புப் புத்தகத்துக்கு, தானும் அடிமைத்தனத்திலிருந்து மீண்ட அஸ்தர் கன்னோ என்ற பெண் ஓரோமோ மக்களின் வாய்மொழிக் கதைகளையும் பாடல்களையும் தொகுத்துத் தந்தார். பிறகு சொந்தப் பகுதிக்குத் திரும்பிய ஒனேசிமோஸ், எதிர்ப்புக்கு நடுவே ஓரோமோவில் பாடம் நடத்தினார்.

புத்தகம் வந்து கிட்டத்தட்ட நூறு வருஷம் கழித்து, 1991-ல் ஆட்சி மாறிய பிறகுதான் ஓரோமோ லத்தீன் எழுத்தில் பள்ளிக்குள் முறையாக நுழைந்தது. 1994-ன் கல்விக் கொள்கை தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் தரச் சொன்னது. சொல்லும் புத்தகமும் தயாராக இருந்தாலும், ஆட்சியில் இருப்பவர் மனது வைக்காவிட்டால் பள்ளிக் கதவு திறக்காது என்பதற்கு இது ஒரு சாட்சி.

ராஜாஜி கதையில் ஒரு வித்தியாசம் உண்டு. சொல் தேடியவரே பின்னாடி ஆட்சிக்கும் வந்தார்.

நகராட்சி, சிறை, ஆசிரமம்

1917 முதல் 1919 வரை ராஜாஜி சேலம் நகராட்சித் தலைவர். தாழ்த்தப்பட்ட சமூகத்திலிருந்து முதல் உறுப்பினர் சேலம் நகராட்சிக்குள் வர அவர் காரணமாக இருந்தார். பிறகு காந்தி அழைத்த ஒத்துழையாமை இயக்கத்துக்காக வக்கீல் தொழிலை விட்டார், சிறைக்கும் போனார்.

1925-ல் திருச்செங்கோடு அருகே புதுப்பாளையத்தில் காந்தி ஆசிரமம் தொடங்கினார். கதர், தீண்டாமை ஒழிப்பு, மதுவிலக்கு என்று வேலை நடந்தது. மதுவிலக்குக்காக விமோசனம் என்ற தமிழ் இதழையும் நடத்தினார். அதில் அவருடன் வேலை செய்தவர் எழுத்தாளர் கல்கி. கிராமத்து மனுஷனுக்குப் புரிகிற தமிழில் எழுத வேண்டும் என்பதுதான் அங்கேயும் நிபந்தனை.

1938: ஒரே அரசு, இரண்டு பாதை

1937 ஜூலையில் ராஜாஜி சென்னை மாகாணத்தின் பிரதமர் ஆனார். அன்று முதல்வர் பதவிக்கு அதுதான் பெயர். கல்வி அமைச்சர், திருச்செங்கோடு பக்கம் குமாரமங்கலத்தைச் சேர்ந்த சுப்பராயன். அந்த ஆண்டு அக்டோபர் 1 அன்று மதுவிலக்கு முதன்முதலாக அமலானது சேலம் மாவட்டத்தில். அப்போது மேச்சேரியிலும் கள்ளுக்கடை மூடப்பட்டது.

மொழி விவகாரத்தில் என்ன செய்தார்? 1938 ஏப்ரல் 21 அன்று ஒரு உத்தரவு வந்தது. 125 உயர்நிலைப் பள்ளிகளில் இந்தி கட்டாயம். முதல் மூன்று பாரங்களில், அதாவது இன்றைய 6 முதல் 8-ம் வகுப்பு வரை படிக்கும் பிள்ளைகளுக்கு.

நாடு முழுக்க ஒரு பொது மொழி வேண்டும், தெற்கத்திப் பிள்ளைகளுக்கு வேலைக்கும் உதவும் என்பது அவர் கணக்கு. கேட்டவர்களுக்கு அது அப்படித் தெரியவில்லை. தமிழ் வழிக்கே இன்னும் புத்தகம் போதவில்லை, அதற்குள் யாருடைய வீட்டு மொழியும் இல்லாத ஒன்றை ஏன் கட்டாயம் ஆக்கணும் என்று கேட்டார்கள்.

போராட்டம் மாகாணம் முழுக்கப் பரவியது. ஈரோட்டுப் பெரியார் அதன் முகமாக நின்றார். அவரும் ராஜாஜியும் நெருங்கிய நண்பர்கள் என்பது ஊரறிந்த விஷயம். அந்த நண்பரையே ராஜாஜி அரசு சிறையில் வைத்தது. மொத்தம் 1,198 பேர் கைதானார்கள். அதில் 73 பெண்கள். தாய்மாரோடு 32 குழந்தைகளும் சிறைக்குள் போனார்கள்.

1939 ஜனவரியில் நடராசன் இறந்தார். மார்ச்சில் தாளமுத்து இறந்தார். இருவரும் சிறைத் தண்டனைக் காலத்தில் உடல்நலம் கெட்டு உயிரிழந்தவர்கள். சென்னை எழும்பூரில் தாளமுத்து நடராசன் மாளிகை இருக்கிறதே, அது இவர்கள் பெயரில்தான்.

1939 அக்டோபரில் போர் விவகாரத்தில் காங்கிரஸ் அரசு பதவி விலகியது. 1940 பிப்ரவரி 21 அன்று ஆளுநர் எர்ஸ்கின் கட்டாய இந்தியை விலக்கினார்.

1953: மூணு மணி நேரப் பள்ளி

சுதந்திரத்துக்குப் பிறகு ராஜாஜி 1948 முதல் 1950 வரை கவர்னர் ஜெனரல். 1952-ல் மறுபடி சென்னை மாகாண முதல்வர்.

1953-ல் கிராமத் தொடக்கப் பள்ளிகளுக்கு ஒரு புதுத் திட்டம் கொண்டுவந்தார். பள்ளி நேரம் ஒரு நாளுக்கு 5 மணியிலிருந்து 3 மணியாகக் குறையும். இரண்டு ஷிப்டாகப் பிள்ளைகள் வருவார்கள். மீதி நேரம் அப்பா அம்மாவின் தொழிலைக் கற்றுக்கொள்ள வேண்டும்.

பணம் இல்லை, ஆசிரியர் போதவில்லை, இருக்கிற கட்டடத்தில் இரண்டு மடங்கு பிள்ளைகளைச் சேர்க்கலாம் என்பது அரசின் வாதம். எதிர்ப்பவர்கள் கேட்டது ஒரே கேள்வி. சலவைத் தொழிலாளி மகன் மத்தியானம் வெளுக்கப் போக வேண்டும், செருப்பு தைப்பவர் மகன் தைக்கப் போக வேண்டும் என்றால் சாதி எப்போது ஒழியும்? குலக்கல்வித் திட்டம் என்ற பெயர் அப்படி ஒட்டிக்கொண்டது.

எதிர்க்கட்சிகள் மட்டும் இல்லை, அவர் சொந்தக் கட்சிக்குள்ளேயே எதிர்ப்பு வலுத்தது. 1954 ஏப்ரலில் ராஜாஜி பதவி விலகினார். அடுத்து வந்த காமராஜர் அரசு, மே மாதமே திட்டத்தை ரத்து செய்தது.

1938-ஐயும் 1953-ஐயும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். இரண்டிலும் பொதுவான ஒரு குறை தெரியும். பிள்ளைக்கு எது நல்லது என்பதை மேலேயிருந்து ஒருவர் முடிவு செய்தார். பெற்றோரிடம் கேட்கவில்லை. சட்டசபையில் பேசி இணங்க வைக்கும் பொறுமையும் இல்லை. 1916-ல் சொல் சொல்லாகத் தேடியவர், அதிகாரம் வந்ததும் உத்தரவு உத்தரவாகப் போட்டார்.

இந்தியை எதிர்த்த ராஜாஜி

1950-களின் பிற்பகுதியில் ராஜாஜி தன் நிலையை மாற்றினார். இந்தி மட்டும் மத்திய ஆட்சி மொழியானால் இந்தி பேசாதவர்கள் பின்தங்கிவிடுவார்கள் என்று நாடு முழுக்கப் பேசினார். ஆங்கிலம் நீடிக்க வேண்டும் என்றார். 1959-ல் சுதந்திராக் கட்சியைத் தொடங்கினார். 1967 தேர்தலில் திமுகவுடன் கூட்டணி வைத்தார். கட்டாய இந்தியை எதிர்த்து வளர்ந்த இயக்கம் ஆட்சிக்கு வந்தபோது, கட்டாய இந்தி கொண்டுவந்தவரே அந்த அணியில் இருந்தார்.

சந்தர்ப்பவாதம் என்றார்கள் சிலர். அனுபவம் கற்றுக்கொடுத்தது என்றார்கள் சிலர். உயர்கல்விக்கு ஆங்கிலமே தொடரட்டும் என்ற அவர் பேச்சு, 1916-ஐ நினைவு வைத்திருந்தவர்களுக்கு வருத்தம் தந்தது. ஆனால் எழுத்தில் அவர் தமிழை விடவே இல்லை. ராமாயணத்தைத் தமிழில் எழுதிய சக்கரவர்த்தித் திருமகன் நூலுக்கு 1958-ல் சாகித்ய அகாடமி விருது கிடைத்தது. 1972 டிசம்பர் 25 அன்று, 94 வயதில் காலமானார்.

அந்த 1916 வேலை என்ன ஆச்சு?

வேறு கைகளுக்குப் போய்ச் சேர்ந்தது. 1946-ல் கல்வி அமைச்சரான அவினாசிலிங்கம், உயர்நிலைப் பள்ளிகளில் தமிழ் வழிக் கல்விக்கு அழுத்தம் கொடுத்தார். தமிழ் வளர்ச்சிக் கழகம் தொடங்கினார். பெரியசாமித் தூரன் அதன் கலைக்களஞ்சியத்தைப் பத்துத் தொகுதிகளாகக் கொண்டுவந்தார். 1960-ல் கோவை அரசுக் கலைக் கல்லூரியில் பட்டப் படிப்பே தமிழில் தொடங்கியது. 1968-ல் அண்ணா அரசு தமிழ், ஆங்கிலம் என்ற இருமொழிக் கொள்கையை அறிவித்தது. 2010-ல் அண்ணா பல்கலைக்கழகம் சிவில், மெக்கானிக்கல் பொறியியலைத் தமிழில் கொடுத்தது. தமிழ் வழியில் படித்தவர்களுக்கு அரசு வேலையில் 20 சதவீத முன்னுரிமைச் சட்டமும் அதே ஆண்டு வந்தது.

ஒளிச்சேர்க்கை, ஈர்ப்புவிசை, மின்னோட்டம் என்று இன்றைக்கு ஒரு ஏழாம் வகுப்புப் பிள்ளை யோசிக்காமல் சொல்கிறது. இதற்குப் பின்னால் மூன்று நான்கு தலைமுறையின் உழைப்பு இருக்கிறது. சேலத்துச் சங்கம் அதில் ஆரம்பக் கட்டம். தமிழில் முடியுமா என்ற கேள்விக்குப் பதில் எப்போதோ வந்துவிட்டது. முடியும்.

அப்படின்னா இன்றைக்கு என்ன பிரச்சினை?

கேள்வி மாறிவிட்டது. 2012-13 முதல் அரசுப் பள்ளிகளில் ஆங்கில வழிப் பிரிவுகள் பெருகின. பெற்றோர் தமிழை வெறுத்து அங்கே போகவில்லை. நல்ல வேலை இங்கிலீஷ் தெரிந்தவனுக்குத்தான் என்று கண்ணால் பார்க்கிறார்கள். சொல் இருக்கிறது, புத்தகம் இருக்கிறது. படித்து முடித்தபின் வேலை இருக்கிறதா என்பதுதான் அவர்கள் கணக்கு. இதற்குப் பதில் சொல்லாமல் தமிழ் வழியில் சேருங்கள் என்று கேட்பது, மீண்டும் மேலேயிருந்து போடுகிற உத்தரவு மாதிரிதான் கேட்கும்.

இன்னொரு பக்கம் சிறுபான்மை மொழிப் பிள்ளைகள். ராஜாஜி பிறந்த ஓசூர் வட்டாரத்தில் இப்போதும் தெலுங்கு, கன்னடம், உருது வழி அரசுப் பள்ளிகள் உண்டு. 2006-ன் தமிழ் கற்றல் சட்டம் 10-ம் வகுப்பு வரை தமிழ்ப் பாடத்தைக் கட்டாயமாக்கியபோது, அந்தப் பிள்ளைகளுக்கு விலக்கு வேண்டும் என்று வழக்குகள் நீதிமன்றம் ஏறின. இந்தி விஷயத்தில் நாம் கேட்ட கேள்வியை, அந்தப் பிள்ளைகளின் பெற்றோர் நம்மிடம் கேட்கிறார்கள். மாநிலத்தின் மொழியைக் கற்பதும் வேண்டும், வீட்டு மொழி பள்ளியில் அந்நியமாகவும் கூடாது. இரண்டுக்கும் இடம் கொடுக்க ஆசிரியரும் புத்தகமும் வேண்டும்.

ராஜாஜியின் வாழ்க்கையை ஒரே வரியில் நல்லவர், கெட்டவர் என்று முடித்துவிட முடியாது. மொழி பள்ளிக்குள் போக இரண்டு விஷயம் வேண்டும் என்பதை அந்த வாழ்க்கை காட்டுகிறது. ஒன்று, சொல் செய்து, புத்தகம் எழுதி, ஆசிரியரைத் தயார் செய்கிற பொறுமையான வேலை. இன்னொன்று, அந்தப் பள்ளிக்குப் பிள்ளையை அனுப்புகிறவர்களின் சம்மதம். முதலாவதை அவர் சேலத்தில் ஒரு வக்கீலாக இருந்தே தொடங்கினார். இரண்டாவது இல்லாமல் கோட்டையிலிருந்து போட்ட இரண்டு உத்தரவும் நிற்கவில்லை.